லைப்ரரி கோப்பைக் காணோம் என்று வெப்மெயில் அடம்பிடித்தால்

கேட்கப்பட்டது இது. அலுவலகத்தின் டெபியன் 11 சர்வரில் ரவுண்ட்கியூப் வெப்மெயில் ஒழுங்காக ஓடிக்கொண்டிருந்தது. சர்வரில் இருக்கும் பிஎச்பி 7.4 (ரவுண்ட்கியூப் எழுதப்பட்ட மொழி), முன்பு வேலை பார்த்தவர் சோர்ஸிலிருந்து, அதாவது மூல நிரலிலிருந்து, கம்பைல் செய்து வைத்துவிட்டுப் போனது. போன வாரம் டெபியன் 12க்கு அப்கிரேடு செய்து, கடைசியில் ‘இனி தேவைப்படாத பேக்கேஜ்களை நீக்கு’ என்றும் கொடுத்திருக்கிறார்கள். மறுநாள் காலையில் வெப்மெயில் பக்கத்தில் 503 (சேவை கிடைக்கவில்லை) என்ற பிழை. பிஎச்பியை ஓட்டும் பிஎச்பி-எஃப்பிஎம் எழவே மாட்டேன் என்கிறது. டெர்மினலில் கையால் ஓட்டிப் பார்த்தால், ஷேர்டு லைப்ரரியை லோடு செய்யும்போது பிழை, லிப்ஐசியுஐ18என்.எஸ்ஓ.67 என்ற கோப்பைத் திறக்க முடியவில்லை என்று ஒரே ஒரு வரி. இந்தக் கோப்பு எதற்கு, இணையத்தில் தனியாகக் கிடைக்கிறதே, அதை எடுத்துப் போடலாமா, அல்லது பக்கத்திலேயே 72 என்ற எண்ணோடு ஒன்று இருக்கிறதே, அதற்கு 67 என்று ஒரு சிம்லிங்க் (வேறு பெயரில் அதே கோப்பைக் காட்டும் குறுக்குவழி) போட்டால் ஆகுமா என்பது கேள்வி.

இரண்டுமே வேண்டாம். ஏன் வேண்டாம் என்பதைச் சொல்ல, அந்தக் கோப்பின் பெயரில் கடைசியாக இருக்கும் எண்ணிலிருந்துதான் ஆரம்பிக்க வேண்டும்.

ஒரு புரோகிராமை கம்பைல் செய்யும்போது அதற்கு வேண்டிய எல்லா வேலையையும் அதற்குள்ளேயே எழுதி வைப்பதில்லை. மறையாக்கம் செய்ய ஓப்பன்எஸ்எஸ்எல், எக்ஸ்எம்எல் பிரிக்க லிப்எக்ஸ்எம்எல்2, யூனிகோட் கையாள ஐசியு (நீங்கள் கேட்ட கோப்பு இதைச் சேர்ந்தது) என்று வெளியே பொதுவில் இருக்கும் கோப்புகளை நம்பிக்கொள்கிறது. ‘இன்ன லைப்ரரி வேண்டும்’ என்ற பட்டியல் மட்டும் புரோகிராமின் தலைப்பகுதியில் இருக்கும். ஓட ஆரம்பிக்கும் நொடியில் லினக்ஸின் லோடர் அந்தப் பட்டியலை வாசித்து, ஒவ்வொரு கோப்பாகத் தேடி எடுத்து மெமரியில் பொருத்துகிறது. பட்டியலில் ஒன்று கிடைக்காவிட்டாலும் புரோகிராமின் முதல் வரிகூட ஓடாது. உங்கள் பிஎச்பி லாகில் எதுவுமே பதிவாகாததற்குக் காரணம் இதுதான். லாக் எழுத பிஎச்பி பிறந்திருக்க வேண்டுமே! அந்த வரியைச் சொன்னது பிஎச்பி இல்லை, லோடர்.

அந்தப் பட்டியலில் இருப்பது வெறும் ‘ஐசியு’ இல்லை, ‘ஐசியு 67’. ஒவ்வொரு லைப்ரரிக்கும் மூன்று பெயர்கள் உண்டு. உண்மையான கோப்பின் பெயர் 67.1 என்று முடியும். அதைக் காட்டும் சிம்லிங்க் ஒன்று 67 என்று முடியும். எண்ணே இல்லாமல் எஸ்ஓ என்று முடியும் மூன்றாவது பெயர் கம்பைல் செய்பவர்களுக்கானது, அது ‘டெவ்’ பேக்கேஜோடு வரும். நடுவில் இருக்கிறதே, 67 என்று முடிவது, அதற்கு சோநேம் என்று பெயர். லைப்ரரி எழுதியவர்கள் அதன் வழியாகக் கொடுக்கும் வாக்கு அது: இந்த எண் மாறாதவரை உள்ளே நாங்கள் எதைத் திருத்தினாலும் உங்கள் பழைய புரோகிராம் ஓடும், எண் மாறிவிட்டால் அந்தப் பேச்சு முடிந்தது.

எல்லா லைப்ரரியும் அடிக்கடி எண் மாற்றுவதில்லை. பிஎச்பியில் பல மொழி எழுத்துகளைக் கையாளும் எம்பிஸ்ட்ரிங்குக்குப் பின்னால் இருக்கும் ஆனிகுருமா லைப்ரரி டெபியன் 11லும் 5தான், 12லும் 5தான். அதனால் அது உங்களைத் தொந்தரவு செய்யாது. ஐசியு அப்படி இல்லை, ஒவ்வொரு பெரிய வெளியீட்டுக்கும் எண்ணை மாற்றிவிடும். டெபியன் 11இல் 67, 12இல் 72.

சரி, 67 எங்கே போனது? அதை யாரும் வேண்டுமென்று அழிக்கவில்லை. டெபியன் 11இல் லிப்எக்ஸ்எம்எல்2 போன்றவை ஐசியு 67ஐ நம்பியிருந்தன, அதனால் அது இருந்தது. 12இல் அவை எல்லாம் 72க்கு மாறிவிட்டன. பேக்கேஜ் மேனேஜர் தன் கணக்குப் புத்தகத்தைப் புரட்டிப் பார்த்தது. 67ஐக் கேட்பவர் யாரும் இல்லை. நீக்கு என்று நீங்களும் சொன்னீர்கள், நீக்கியது. யுஎஸ்ஆர்-லோக்கல் என்ற ஃபோல்டரில் கையால் கம்பைல் செய்த பிஎச்பி ஒன்று அதை நம்பிக்கொண்டிருக்கும் சேதி அந்தப் புத்தகத்தில் இல்லை. பேக்கேஜாக வந்த பிஎச்பி 7.4 என்றால் இந்தப் பேச்சே வந்திருக்காது, அதை நீக்காமல் 67ஐ நீக்க டெபியனின் பேக்கேஜ் மேனேஜரான ஆப்ட் சம்மதித்திருக்காது. சோர்ஸிலிருந்து கம்பைல் செய்வது தப்பில்லை. ஆனால் செய்துவிட்டு எங்கும் எழுதி வைக்காமல் போனால், பின்னால் வருபவர் உங்கள் நிலைமையில்தான் நிற்பார்.

சிம்லிங்க் விஷயத்துக்கு வருகிறேன். இதில் எனக்குச் சொந்த அனுபவம் உண்டு. சில வருடம் முன்பு ஒரு கல்லூரியின் மெயில் சர்வரில் இதே ஐசியு, வேறு எண்கள். வெள்ளிக்கிழமை ராத்திரி, எல்லாரும் போய்விட்டார்கள். ‘புதுசு பழசைவிட நல்லதாகத்தானே இருக்கும்’ என்று புது எண்ணுக்குப் பழைய பெயரில் ஒரு சிம்லிங்க் போட்டேன். கோப்பைக் காணோம் என்ற வரி மறைந்தது. அந்த இடத்தில் புதிதாக ஒரு வரி: ‘அன்டிஃபைண்ட் சிம்பல்’. கூடவே ஒரு ஃபங்ஷன் பெயர், அதன் வாலில் பழைய எண். எவ்வளவு நேரம் அதையே முறைத்துக்கொண்டிருந்தேன் என்று இப்போது சொன்னால் வெட்கமாக இருக்கிறது.

விஷயம் இதுதான். ஐசியு தன் கோப்பின் பெயரில் மட்டும் எண்ணை ஒட்டுவதில்லை, உள்ளே இருக்கும் ஒவ்வொரு ஃபங்ஷன் பெயரின் வாலிலும் ஒட்டுகிறது. 67ஐ வைத்து கம்பைல் செய்த பிஎச்பி ‘யுகால்_ஓப்பன்_67’ என்று தேடும். 72க்குள் இருப்பது ‘யுகால்_ஓப்பன்_72’. கடையின் பெயர்ப்பலகையை மாற்றி என்ன பயன், உள்ளே கேட்ட சரக்கு இல்லையே. ஓப்பன்எஸ்எஸ்எல்லிலும் இதே ஏமாற்று பலிக்காது. 1.1ஐ நம்பும் புரோகிராமுக்கு 3ஐ சிம்லிங்க் போட்டுக் கொடுத்தால், ‘ஓப்பன்எஸ்எஸ்எல்_1_1_0 என்ற வெர்ஷன் இதில் இல்லை’ என்று லோடர் அங்கேயே நிறுத்திவிடும்.

இப்படி முகத்தில் அடித்தாற்போல் மறுப்பவை உண்மையில் நமக்கு நல்லது செய்பவை. எண் ஒட்டாத, உள்ளே வெர்ஷன் அடையாளம் வைக்காத பழைய லைப்ரரிகள்தான் ஆபத்து. அவற்றுக்குத் தப்பான சிம்லிங்க் போட்டால் ஓடும். ஒரு ஸ்ட்ரக்சரில் (மெமரியில் தகவல்களை அடுக்கும் அமைப்பு) நடுவே புதிதாக ஒரு இடம் சேர்ந்திருக்கும், பழைய புரோகிராம் அதற்குத் தெரிந்த இடத்தில் எழுதும், எழுதிய இடம் வேறொன்றுக்குச் சொந்தமாக இருக்கும். மூன்று வாரம் கழித்து யாரோ ஒருவருடைய இணைப்புக் கோப்பு பாதியில் அறுந்து வரும். அதற்கும் நீங்கள் போட்ட சிம்லிங்க்குக்கும் சம்பந்தம் இருப்பதாக யாருக்கும் தோன்றாது.

தனியாக டவுன்லோடு செய்வது பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. விண்டோஸில் டிஎல்எல் கோப்பைக் காணோம் என்றதும் யாரோ நடத்தும் தளத்திலிருந்து எடுத்துப் போடும் பழக்கம் இருந்ததே, அதன் லினக்ஸ் வடிவம் இது. லைப்ரரி என்பது படமோ எழுத்துருவோ இல்லை, ஓடும் கோடு, அதாவது நிரல். உங்கள் பிஎச்பியின் மெமரிக்குள் உட்காரப் போகிறது. வெப்மெயிலில் ஒவ்வொருவரும் தட்டும் பாஸ்வேர்டு அதே மெமரி வழியாகத்தான் போகிறது. ஒரு எச்சரிக்கையும் சேர்த்துக்கொள்கிறேன்: யாரோ கொடுத்த கோப்பை ‘எல்டிடி’ (ஒரு கோப்புக்கு எந்தெந்த லைப்ரரி வேண்டும் என்று காட்டும் கமாண்ட்) போட்டுச் சோதித்துப் பார்க்காதீர்கள். சில சூழ்நிலைகளில் எல்டிடி அந்தக் கோப்பை ஓட்டியே பார்க்கும் என்று அதன் கையேட்டிலேயே எழுதியிருக்கிறது. நம்பிக்கை இல்லாத கோப்புக்கு ‘ரீட்எல்ஃப்’ அல்லது ‘ஆப்ஜ்டம்ப்’ போதும், அவை வாசிக்க மட்டும் செய்யும்.

உங்கள் சொந்த பிஎச்பிக்கு எல்டிடி தாராளமாகப் போடலாம். போட்டுப் பாருங்கள், முக்கியமான ஒன்று தெரியும். லோடர் முதலில் காணாமல் போனதைச் சொல்லிவிட்டு நின்றுவிடும், எல்டிடியோ இல்லாதவை அத்தனையையும் ‘நாட் ஃபவுண்ட்’ என்று வரிசையாகக் காட்டும். ஐசியு குடும்பத்தில் இரண்டு மூன்று பெயர்கள் இருக்கும், கூடவே லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1, லிப்கிரிப்டோ.எஸ்ஓ.1.1 இருக்கும் என்று பந்தயம் கட்டுவேன். டெபியன் 12 ஓப்பன்எஸ்எஸ்எல் 3.0க்குப் போய்விட்டது. பிஎச்பி 7.4க்கு அது ஆகாது, ஓப்பன்எஸ்எஸ்எல் 3ஐ முறையாக ஏற்பது பிஎச்பி 8.1இலிருந்துதான். ஆக, ஐசியுவுக்கு ஒரு வழி கண்டுபிடித்தாலும் அடுத்த கதவு சாத்தியிருக்கும்.

அவசரத்துக்கு ஒரு வழி இருக்கிறது. டெபியன் 11இன் அதிகாரபூர்வக் களஞ்சியத்திலிருந்தே லிப்ஐசியு67, லிப்எஸ்எஸ்எல்1.1 பேக்கேஜ்களை எடுத்து நிறுவலாம். சோநேம் பேக்கேஜின் பெயரிலேயே இருப்பதால் 67ம் 72ம் ஒரே சர்வரில் சண்டையில்லாமல் இருக்கும், அதற்காகத்தான் டெபியன்காரர்கள் அப்படிப் பெயர் வைக்கிறார்கள். திங்கட்கிழமை காலையில் மேலதிகாரி வெப்மெயில் திறக்கவில்லை என்று வந்து நின்றால் இதைச் செய்துவிட்டு மூச்சு விடுங்கள். ஆனால் இதிலேயே குடியிருக்காதீர்கள். ஓப்பன்எஸ்எஸ்எல் 1.1.1க்கு அதை உருவாக்குபவர்களின் பொது ஆதரவு 2023 செப்டம்பர் 11 அன்றே முடிந்துவிட்டது. டெபியன் 11க்கான நீண்டகால ஆதரவும் 2026 ஆகஸ்ட் 31 வரைதான்.

முறையான வழி, சோர்ஸ் பிஎச்பியை ஓய்வுக்கு அனுப்பிவிட்டு டெபியன் 12இன் பிஎச்பி 8.2ஐயும் அதன் இன்டில் (ஐசியுவை நம்புவது இதுதான்), எம்பிஸ்ட்ரிங், எக்ஸ்எம்எல் எக்ஸ்டென்ஷன் பேக்கேஜ்களையும், அதாவது பிஎச்பியின் கூடுதல் பகுதிகளையும், நிறுவுவது. ரவுண்ட்கியூப் எந்த வெர்ஷன் என்று பார்த்துக்கொள்ளுங்கள். 1.4 என்றால் பிஎச்பி 8இல் தடுமாறும், 1.6 வரிசைக்குக் கொண்டுபோய்விடுங்கள், அதுவும் 1.6.11 அல்லது அதற்குப் பிந்தையதாக. லாகின் செய்த ஒருவர் சர்வரிலேயே கோடு ஓட்டக்கூடிய ஓட்டை ஒன்று, பத்து வருடத்துக்கும் மேலாக உள்ளே இருந்தது, 2025 ஜூனில்தான் அந்த வெர்ஷனில் அடைக்கப்பட்டது.

பழைய சர்வரிலிருந்து எக்ஸ்டென்ஷன் எஸ்ஓ கோப்புகளை மட்டும் காப்பி செய்து கொண்டுவந்து போடலாமா என்று அடுத்து தோன்றும். பிஎச்பி எக்ஸ்டென்ஷன் ஃபோல்டரின் பெயரைப் பாருங்கள்: 7.4க்கு 20190902, 8.2க்கு 20220829. அது வெறும் தேதி இல்லை, இன்னொரு சோநேம் என்றே வைத்துக்கொள்ளலாம். அந்த எண் ஒத்துப்போகாத எக்ஸ்டென்ஷனை பிஎச்பி உள்ளே விடாது.

வெப்மெயில்தானே, மெயில் சர்வரிலிருந்து மெயிலை வாசிக்கும் ஐமேப் எக்ஸ்டென்ஷனும் வேண்டும் என்று யாராவது சொல்வார்கள். ரவுண்ட்கியூபுக்கு அது வேண்டாம். ஐமேப் பேசும் வேலையை அது பிஎச்பி கோடாகத் தானே எழுதி வைத்திருக்கிறது, அதற்கு முந்திய ஸ்குவிரல்மெயிலும் அப்படித்தான். ஆனால் அந்த எக்ஸ்டென்ஷனுக்குப் பின்னால் இருக்கும் லைப்ரரியின் கதை கேட்கத் தகுந்தது. அதன் பெயர் சி-கிளையன்ட். ஐமேப் நெறிமுறையையே 1986 வாக்கில் வடிவமைத்த மார்க் கிறிஸ்பின், பின்னர் சியாட்டிலில் உள்ள வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் வளர்த்தது. அவர் 2012 டிசம்பரில் காலமானார். டெபியனில் இன்றும் அந்தப் பேக்கேஜின் பெயர் லிப்சி-கிளையன்ட்2007இ, 2007 என்பது வருடமேதான். பல வருடங்களாகப் பல வெப்மெயில்களும் புகார்களைப் பதிவு செய்யும் டிக்கெட் மென்பொருள்களும் இதை நம்பி ஓடின. 2018இல் இதில் ஒரு ஓட்டை தெரியவந்தது. மெயில் சர்வரின் பெயரைக் கொடுக்கும் இடத்தில் கொஞ்சம் தந்திரமாக எழுதினால், இந்த லைப்ரரி ஆர்எஸ்எச் (வேறொரு கணினியில் கமாண்ட் ஓட்டும் பழைய வழி) வழியாக இணைக்க முயன்று, கொடுத்த கமாண்டையே ஓட்டிவிடும். லைப்ரரியைத் திருத்த ஆள் இல்லை. பிஎச்பி தன் பக்கத்தில் ஒரு செட்டிங் வைத்து அந்த வழியை அடைத்தது. கடைசியில் பிஎச்பி 8.4இல், அதாவது 2024 நவம்பரில், ஐமேப் எக்ஸ்டென்ஷனையே தன் மூலத்தொகுப்பிலிருந்து வெளியே எடுத்துவிட்டார்கள். உங்கள் அலுவலகத்தில் இதை நம்பும் வேறு பழைய புரோகிராம் ஏதாவது இருந்தால், அடுத்த அப்கிரேடில் உங்கள் தூக்கம் கெடப்போவது அதனால்தான்.

லைப்ரரியைப் பொதுவில் வைத்துப் பகிர்வதால் கிடைக்கும் லாபம் என்ன என்று கேட்டால், 2014 ஏப்ரல் 7 அன்று நடந்ததைச் சொல்லலாம். ஹார்ட்பிளீட் என்ற ஓட்டை அன்று வெளியே தெரிந்தது. ஓப்பன்எஸ்எஸ்எல் 1.0.1 முதல் 1.0.1எஃப் வரை. வெளியிலிருந்து யார் வேண்டுமானாலும் ஒவ்வொரு தடவையும் 64 கிலோபைட் வரை சர்வரின் மெமரியைச் சுரண்டி எடுக்கலாம். அப்பாச்சி வெப் சர்வர், டவ்காட், போஸ்ட்ஃபிக்ஸ் மெயில் சர்வர்கள் எல்லாம் ஒரே லிப்எஸ்எஸ்எல் கோப்பைப் பகிர்ந்துகொண்டிருந்ததால் அந்த ஒரு பேக்கேஜை அப்டேட் செய்தால் அத்தனைக்கும் மருந்து போய்ச் சேரும். இதை எல்லாரும் சொல்வார்கள்.

அன்று பலர் கோட்டைவிட்டது அடுத்த படியில். கோப்பை மாற்றியாயிற்று, வெர்ஷன் எண்ணும் சரியாகக் காட்டுகிறது, ஆனால் ஓட்டை அப்படியே இருந்தது. பேக்கேஜ் மேனேஜர் பழைய கோப்பின் மேல் எழுதுவதில்லை. புதுக் கோப்பைத் தனியாக இறக்கி, பழைய பெயரை அதற்கு மாற்றிக் கொடுக்கிறது. ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்கும் டவ்காட்டுக்கு இது தெரியாது. அது காலையில் திறந்த பழைய கோப்பையே பிடித்துக்கொண்டிருக்கும். வாசலில் கதவு எண்ணைக் கழற்றிவிட்டால் உள்ளே இருப்பவர் காலி செய்துவிட்டார் என்றா அர்த்தம்? ப்ராக் ஃபோல்டரில் அந்தப் புரோகிராமின் மெமரி வரைபடத்தைப் பார்த்தால் அந்த லைப்ரரி பெயருக்குப் பக்கத்தில் ‘டெலிட்டட்’ என்று இருக்கும். அப்படி இருந்தால் ரீஸ்டார்ட் பாக்கி. டெபியனில் ‘நீட்ரீஸ்டார்ட்’ என்ற பேக்கேஜ் இதைத் தானாகவே தேடிச் சொல்லும், உங்கள் சர்வரில் இல்லையென்றால் இன்றே போட்டுக்கொள்ளுங்கள்.

இதற்கு எதிர்ப்பக்கமும் உண்டு. வெப்மெயில் உலகில் ‘லைப்ரரி’ என்றால் எஸ்ஓ கோப்பு மட்டுமில்லை. பிஎச்பியிலேயே எழுதிய லைப்ரரிகளும் உண்டு. மெயில் அனுப்பும் கோடு, மெயிலின் பாகங்களை (மைம்) பிரிக்கும் கோடு போன்றவை ஒவ்வொரு மென்பொருளின் ‘வென்டார்’ ஃபோல்டருக்குள்ளும் தனித்தனிப் பிரதியாக உட்கார்ந்திருக்கும். 2016 டிசம்பரில் பிஎச்பிமெயிலர் என்ற லைப்ரரியில், அனுப்புநர் முகவரி வழியாகக் கோடு ஓட்டக்கூடிய ஓட்டை வெளிவந்தது. 5.2.18இல் அடைத்தார்கள், அது போதாமல் சில நாட்களுக்குள் 5.2.20 வந்தது. இங்கே ஒரு பேக்கேஜை அப்டேட் செய்து முடிக்க முடியாது. தொடர்புப் படிவம், செய்திமடல், கைவிட்டுப்போன ஏதோ ஒரு பழைய தளம் என்று ஒரே சர்வரில் பிரதிகள் எங்கெல்லாம் இருக்கின்றன என்று ஃபைண்ட் கமாண்டால் வலைபோட்டுத் தேட வேண்டும். நான் தேடிய ஒரு சர்வரில் பதினொன்று கிடைத்தது, அதில் நான்கு யாருடையது என்றே யாருக்கும் தெரியவில்லை.

எனவே பகிர்ந்தால் ஒரே இடத்தில் மருந்து, ஆனால் ஒன்று உடைந்தால் எல்லாம் நிற்கும். தனித்தனியாக வைத்தால் எதுவும் சேர்ந்து நிற்காது, ஆனால் மருந்து வீடுவீடாகப் போக வேண்டும். என்னைக் கேட்டால், எழாமல் நின்று கத்தும் சர்வர்தான் மேல். ஓடிக்கொண்டே ஓட்டையோடு இருப்பது யாருக்கும் தெரிவதில்லை.

‘அந்த இன்டில் எக்ஸ்டென்ஷன் இல்லாமலேயே பிஎச்பியை மறுபடி கம்பைல் செய்துவிட்டால் ஐசியு தொல்லையே இல்லையே’ என்று நினைத்தால், கொஞ்சம் பொறுங்கள். ரவுண்ட்கியூப் அதை எதற்கு வைத்திருக்கிறது என்றால், ஆங்கிலம் அல்லாத டொமைன் பெயர்களுக்காக. .இந்தியா, .இலங்கை, .சிங்கப்பூர் என்று தமிழில் முடியும் முகவரிக்கு மெயில் அனுப்பினால், உள்ளே அது ‘எக்ஸ்என்’ என்று தொடங்கும் ஆஸ்கி வடிவத்துக்கு மாற வேண்டும், அந்த மாற்றத்தைச் செய்வது ஐசியு. இன்று உங்கள் அலுவலகத்தில் அப்படி ஒரு முகவரி இல்லாமல் இருக்கலாம். எழுத்தின் இயல்பைத் தெரிந்த ஒரு லைப்ரரியை நம் ஊரில் ஒருவர் வேண்டாமென்று கழற்றிவைப்பது எனக்கு ஒப்பவில்லை, அவ்வளவுதான்.

இதே வரிசையில் இன்னொன்று. பழைய தமிழ் மெயில்களைத் தோண்டும் நிலை வந்தால் உதவும். யூனிகோட் பரவுவதற்கு முன் பலர் டிஸ்கி என்ற குறியீட்டில் மெயில் எழுதினார்கள். அதில் ‘கெ’ என்பதை ஒற்றைக்கொம்பு முதலில், ககரம் பிறகு என்று கண்ணுக்குத் தெரியும் வரிசையில் வைப்பார்கள். யூனிகோடில் அது தலைகீழ். இந்த வரிசை மாற்றத்தையும் சேர்த்துச் செய்யும் மாற்றி ஒன்று லினக்ஸின் அடிப்படை லைப்ரரியான ஜிலிப்சியிலேயே இருக்கிறது. ஜிகான்வ் என்ற ஃபோல்டருக்குள் டிஸ்கி.எஸ்ஓ என்று தனிக் கோப்பாக. இது புரோகிராமின் பட்டியலில் இருக்காது, எல்டிடியிலும் தெரியாது. எழுத்துக் குறியீட்டை மாற்றும் ஐகான்வ் கேட்கும் நொடியில்தான் லோடு ஆகும். அதனால் இது இல்லாவிட்டால் சர்வர் நிற்காது, அந்த ஒரு மெயிலில் மட்டும் எழுத்து குதறிக்கொண்டு வரும். ரெட்ஹாட் என்டர்பிரைஸ் லினக்ஸ் 9 போன்றவற்றில் இந்த மாற்றிகளில் பெரும்பாலானவற்றை ‘ஜிலிப்சி-ஜிகான்வ்-எக்ஸ்ட்ரா’ என்ற தனிப் பேக்கேஜுக்கு மாற்றிவிட்டார்கள், தேவையென்றால் அதை நிறுவிக்கொள்ள வேண்டும்.

உங்கள் வேலைக்குத் திரும்புவோம். இன்று ராத்திரி பழைய பேக்கேஜ்கள் இரண்டையும் அதிகாரபூர்வக் களஞ்சியத்திலிருந்து போட்டு எல்டிடியில் ‘நாட் ஃபவுண்ட்’ எதுவும் இல்லையென்று பார்த்துக்கொண்டு பிஎச்பி-எஃப்பிஎம்மை எழுப்புங்கள். இந்த வாரத்துக்குள் ஒரு சோதனை சர்வரில் பிஎச்பி 8.2, ரவுண்ட்கியூப் 1.6 வைத்து டேட்டாபேஸின் பிரதி ஒன்றைக் கொண்டு ஓட்டிப் பாருங்கள், பிளக்-இன்கள்தான் முரண்டு பிடிக்கும். அது சரியானதும் இங்கே மாற்றிவிட்டு, யுஎஸ்ஆர்-லோக்கலில் இருக்கும் பழைய பிஎச்பியை அழியுங்கள். பிறகு, மறக்காமல், அந்த 67ஐயும் 1.1ஐயும் கையாலேயே நீக்குங்கள். கோப்பின் பெயர் கொடுத்து நிறுவியதால் அவற்றை இனி ஆப்ட் தானாக நீக்காது.